ஆவணப்படத்தில் கேமராவும் கத்தரியும்: இரண்டு வேலைக்கும் ஒரே பெயர் வருவது ஏன்?

தேசியத் திரைப்பட விருதுகள் அறிவிக்கப்படும் நாளில் பேச்செல்லாம் கதைப்படங்களைப் பற்றியே இருக்கும். பட்டியலில் கீழே போனால் கதை சாராப் படங்கள் என்று இன்னொரு பிரிவு வரும். அதிலும் ஒளிப்பதிவுக்கு ஒரு விருது, படத்தொகுப்புக்கு ஒரு விருது உண்டு. அங்கேதான் பலருக்குக் குழப்பம். ஆவணப்படம் என்றால் நடப்பதை நடந்தபடி எடுப்பதுதானே, அதில் தொகுக்க என்ன இருக்கிறது? சில படங்களில் ஒளிப்பதிவு, படத்தொகுப்பு இரண்டுக்கும் ஒரே பெயர் வருகிறதே, அது பணமில்லாததாலா, ஏதாவது முறையா?

மதுரைக்கு இது தூரத்துக் கேள்வி அல்ல. ஆவணப்படங்களுக்கும் குறும்படங்களுக்குமான சர்வதேச விழா ஒன்று 1998 முதல் இங்கே நடந்துவருகிறது. காமராசர் பல்கலைக்கழகத்தில் கல்விப் படங்கள் தயாரிக்கும் பல்லூடக மையம் இருக்கிறது. காட்சித் தொடர்பியல் படித்த பிள்ளைகள் ஆண்டுதோறும் கல்லூரிகளிலிருந்து வெளியே வருகிறார்கள். கல்யாண வீடியோவா, செய்திச் சேனலா, சென்னைக்குப் போய் சினிமாவா என்று வீட்டில் கேட்பார்கள். நான்காவதாக ஒன்று இருப்பது பெரும்பாலும் யார் கணக்கிலும் வராது.

அந்த நான்காவது தொழிலைப் புரிந்துகொள்ள ஒரு வேறுபாடு தெரிந்தால் போதும். கதைப்படத்தில் திரைக்கதை முதலில் எழுதப்படுகிறது. ஆவணப்படத்தில் அது கடைசியில், கேமராவாலும் கத்தரியாலும் எழுதப்படுகிறது. எழுதுகிற ஒளிப்பதிவாளர், படத்தொகுப்பாளர் இருவரையும் சட்டமும் சம்பள முறையும் கூலிக்கு வந்தவர்களாகவே நடத்துகின்றன. தொழிலின் சிக்கல்களில் பெரும்பாலானவை இந்த இடத்தில்தான் தொடங்குகின்றன.

முதலில் சில சொற்கள்

1. ரஷ்: களத்தில் பதிவான எல்லாமும். நல்லது, கெட்டது, தவறி ஓடியது, லென்ஸ் மூடியோடு எடுத்தது உட்பட.

2. எடுப்பு விகிதம்: எடுத்ததற்கும் படத்தில் நின்றதற்கும் உள்ள கணக்கு. 60 மணி நேரம் எடுத்து ஒரு மணி நேரப் படம் வந்தால் 60-க்கு 1.

3. கட்அவே: பேசுபவரின் முகத்திலிருந்து விலகி வேறொன்றைக் காட்டும் ஷாட். கை, சுவர்க் கடிகாரம், வாசலில் படுத்திருக்கும் நாய், எதுவாகவும் இருக்கலாம். பேச்சில் வெட்டிய இடத்தை மூடுவதற்கு இது வேண்டும்.

4. சுற்றொலி: ஓர் இடத்தில் யாரும் பேசாதபோது கேட்கும் ஒலி. இதைத் தனியாக ஒரு நிமிடமாவது பதிவு செய்யாவிட்டால், தொகுப்பில் ஒவ்வொரு வெட்டும் காதில் குத்தும்.

5. லாக்: இனி ஒரு ஃபிரேம்கூட மாறாது என்று படத்தைப் பூட்டுவது. வண்ணச் சீரமைப்பும் ஒலிக்கலவையும் இதற்குப் பிறகுதான்.

எடுப்பு விகிதத்துக்கு நம் பக்கத்திலேயே பழைய உதாரணம் ஒன்று உண்டு. காரைக்குடியை அடுத்த கோட்டையூரைச் சேர்ந்த ஏ.கே. செட்டியார் காந்தியைப் பற்றி எடுத்த ஆவணப்படம் 1940-இல் வெளிவந்தது. 30 ஆண்டுகளில் சுமார் 100 ஒளிப்பதிவாளர்கள் ஆங்காங்கே எடுத்துவைத்திருந்த படச்சுருளில் 50,000 அடியைத் தேடிச் சேர்த்து, அதிலிருந்து 12,000 அடிப் படத்தை அவர் உருவாக்கினார். 35 மில்லிமீட்டர் சுருள், நொடிக்கு 24 ஃபிரேம் என்று வைத்தால் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். அதாவது ஒன்பது மணி நேரத்துக்குச் சற்று மேற்பட்ட ரஷ்ஷிலிருந்து இரண்டே கால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான படம். விகிதம் ஏறக்குறைய 4-க்கு 1. காந்தி நடந்தபோது அருகில் கேமரா வைத்திருந்தவர்கள் நூறு பேர். அவர்கள் எடுத்தவை ஒரு படமானது தொகுப்பில்தான்.

பிறகு வந்த 16 மில்லிமீட்டர் காலத்தில் 400 அடிச் சுருள் பதினோரு நிமிடம் ஓடும். பொத்தானை அழுத்தும் ஒவ்வொரு முறையும் பணம் ஓடுவது காதில் கேட்கும். மெமரி கார்டு வந்த பிறகு அந்தப் பயம் போய்விட்டது. கூடவே, எப்போது நிறுத்துவது என்ற புத்தியும் கொஞ்சம் போய்விட்டது.

களத்தில்: அழகர் ஒருமுறைதான் இறங்குவார்

சித்ரா பௌர்ணமி விடியற்காலை, கோரிப்பாளையம் பக்கம் வைகைக் கரையில் கேமராவோடு நிற்பவரின் நிலையைப் பார்க்கலாம்.

தங்கக் குதிரை வாகனத்தில் அழகர் ஆற்றில் இறங்குவது சூரியன் எழும் நேரத்தை ஒட்டியது. கால் மணி நேரத்துக்குள் வெளிச்சம் முழுவதும் மாறிவிடும். தொடக்கத்தில் மின்விளக்குகளின் மஞ்சள், பிறகு வானத்தின் நீலம், அதற்கும் பிறகு கிழக்கிலிருந்து நேரே லென்ஸில் விழும் வெயில். கேமராவின் வெள்ளைச் சமநிலையை, அதாவது எந்த வெளிச்சத்தில் வெள்ளை வெள்ளையாகத் தெரிய வேண்டும் என்ற அளவை, எதற்கு வைப்பது? தானியங்கியில் விட்டால் ஷாட்டின் நடுவிலேயே நிறம் மாறும். அழகர் என்ன நிறப் பட்டு உடுத்தி வருகிறார் என்று ஊரே பார்த்துக்கொண்டிருக்கும் வேளையில் பச்சைப் பட்டு வேறு ஏதோ நிறமாகிவிடும். அனுபவசாலி ஓர் அளவில் பூட்டிவிட்டு, மாறுவது மாறட்டும் என்று விடுவார். விடியல் விடியலாகவே பதிவாகும். மிச்சத்தை வண்ணச் சீரமைப்பில் பார்த்துக்கொள்ளலாம்.

அடுத்தது தண்ணீர். கருப்பசாமி வேடமிட்டவர்கள் ஆட்டுத்தோல் பையில் நீர் நிரப்பி அழகர் மேல் பீய்ச்சுவார்கள். அந்த நீர் கேமரா மேலும் விழும். மழை உறை, லென்ஸ் துடைக்கப் பழைய பருத்தித் துணி, மைக்கின் மேல் ஒரு பிளாஸ்டிக் பை எல்லாம் வேண்டும். மைக்கை மூடினால் ஒலி கெடும் என்பதால் ஒலிக்கு வேறொரு பதிவுக் கருவியைக் கூட்டத்துக்குச் சற்று வெளியே வைத்துவிடுவது புத்திசாலித்தனம்.

இதையெல்லாம்விட முக்கியமானது எதை எடுப்பது என்ற முடிவு. அழகரைத் தொலைக்காட்சிகள் நேரலையில் எல்லாக் கோணத்திலும் காட்டிக்கொண்டிருக்கும். ஆவணப்பட ஒளிப்பதிவாளர் அந்த நொடியில் அழகருக்கு முதுகைக் காட்டி நிற்க வேண்டியிருக்கும். செம்பில் சர்க்கரை நிரப்பி, அதன் மேல் சூடம் ஏற்றி, கூட்டத்தில் இடிபட்டுக்கொண்டே அது அணையாமல் கையால் மறைத்து நிற்கும் ஓர் அம்மாள் இருப்பார். குதிரை தெரிந்ததும் அவர் முகம் மாறும். அந்த மாற்றம் இரண்டு நொடிதான். அதைப் பிடித்தவரிடம் ஒரு காட்சி இருக்கிறது. பிடிக்காதவரிடம் இருப்பது திருவிழாப் பதிவு.

அந்த இரண்டு நொடியைத் தொகுப்பில் பயன்படுத்த அதற்கு முன்னும் பின்னும் ஏதாவது வேண்டும்: அவர் வந்து நின்றது, செம்பு மட்டும் நெருக்கத்தில், சுற்றிலும் உள்ள கால்கள், கூட்டம் கலைந்த பின் மணலில் கிடக்கும் ஒற்றைச் செருப்பு. ஒவ்வொன்றும் அசையாமல் பத்து நொடி. எடுக்கும்போதே மனதுக்குள் தொகுத்துக்கொள்பவரைத்தான் இந்தத் துறையில் தேடிப் பிடிக்கிறார்கள்.

கேமரா எண்கள், வட்டு எண்கள்

தொழில்நுட்பத்தில் இரண்டு கணக்குகள் மட்டும் தெரிந்தால் பாதி விபத்து தவிரும்.

1. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். குழல் விளக்கும் மலிவான எல்.இ.டி.யும் நொடிக்கு 100 முறை துடிக்கும். ஒவ்வொரு ஃபிரேமிலும் வெளிச்சம் விழும் நேரத்தை, அதாவது ஷட்டரை, 50-இல் ஒரு பங்கு அல்லது 100-இல் ஒரு பங்கு நொடி என்று வைத்தால் துடிப்பு தெரியாது. வேறு அளவில் வைத்தால் படத்தில் பட்டை ஓடும். இங்கே பலர் நொடிக்கு 25 ஃபிரேமில் எடுப்பதற்கும் இதுவே காரணம்.

2. நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் பதியும் 4கே படம் மணிக்கு 45 ஜி.பி. இடம் பிடிக்கும். 60 மணி நேரம் என்றால் 2.7 டி.பி. மூன்று பிரதி, அதில் ஒன்று வேறு வீட்டில் என்ற விதியைக் கடைப்பிடித்தால் 8.1 டி.பி. வட்டுச் செலவைப் பட்ஜெட்டில் எழுதாமல் தொடங்கும் படங்கள்தான் நடுவில் பழைய ரஷ்ஷை அழித்துவிட்டுப் பிறகு வருந்துகின்றன.

மேசையில்: விளாச்சேரியிலிருந்து ஒரு காட்சி

தொகுப்பு எப்படி எழுத்தாகிறது என்பதற்கு ஒரு கற்பனைப் படத்தை எடுத்துக்கொள்வோம். திருப்பரங்குன்றத்தை அடுத்த விளாச்சேரியில் களிமண் பொம்மை செய்யும் ஒரு குடும்பம். நவராத்திரிக்குக் கொலு பொம்மை, டிசம்பரில் கிறிஸ்துமஸ் குடில் பொம்மை. நம்மிடம் உள்ள ரஷ்ஷில் ஐந்து துண்டுகள் இருக்கின்றன:

(அ) பெரியவர் பேட்டியில், காயாத பொம்மையைச் சூளையில் வைத்தால் வெடித்துவிடும் என்கிறார்.
(ஆ) அச்சில் மண்ணை அழுத்தும் விரல்கள்.
(இ) வானம் இருட்டுகிறது. மகள் தார்ப்பாயை இழுத்துப் பொம்மைகளை மூடுகிறார்.
(ஈ) வியாபாரி தொலைபேசியில் விலை குறைத்துக் கேட்கிறார். பெரியவர் பதில் சொல்லாமல் இருக்கிறார்.
(உ) வரிசையாக நிற்கும் பொம்மைகளுக்குக் கண் எழுதப்படுகிறது.

அ, இ, உ என்று அடுக்கினால் மழைக்கு எதிரான ஓட்டம் என்று கதை ஆகும். ஆ, ஈ, உ என்று அடுக்கினால் உழைப்புக்கு விலை இல்லை என்று ஆகும். ஈ-க்குப் பிறகு உடனே இ வந்தால், அந்த மௌனமும் இருட்டிய வானமும் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு, யாரும் சொல்லாத ஒரு மூன்றாம் அர்த்தம் பிறக்கும். ஒரே ஐந்து துண்டுகள்தான். எந்த ஷாட்டும் பொய் இல்லை. எந்தப் படம் என்பது மேசையில் முடிவாகிறது.

இந்த முடிவுக்கு வரும் பாதை நீளமானது. 60 மணி நேர ரஷ்ஷை வெறுமனே பார்க்கவே, நாளுக்கு எட்டு மணி நேரம் உட்கார்ந்தால் ஏழரை நாள் ஆகும். குறிப்பெழுதிக்கொண்டே பார்த்தால் அது எளிதில் இரட்டிக்கும். பேட்டிகளை எழுத்தாக்க வேண்டும். தேவைப்படும் வரிகளைச் சீட்டுகளாக வெட்டிச் சுவரில் ஒட்டி மாற்றி மாற்றிப் பார்க்கும் காகிதத் தொகுப்பு இன்றும் வழக்கத்தில் இருக்கிறது. கணினியைவிட அதில் சிந்திப்பது எளிது. அதன் பிறகு முதல் அடுக்கு, கரட்டுத் தொகுப்பு, நுண்தொகுப்பு, லாக்.

நுண்தொகுப்பில் ஒலிதான் ராஜா. அச்சைத் தட்டும் ‘டொப், டொப்’ ஒலி பெரியவரின் முகத்தின் மேலேயே தொடங்கி, இரண்டு நொடி கழித்துத் தட்டும் கை தெரிந்தால் வெட்டு தெரியாது. இதற்கு ஜே கட் என்று பெயர். முகம் போன பிறகும் பேச்சு மட்டும் தொடர்ந்தால் எல் கட். டைம்லைனில், அதாவது தொகுப்பு மென்பொருளின் காலவரிசையில், துண்டுகள் நிற்கும் வடிவத்தால் வந்த பெயர்கள் இவை.

ஒரே ஆள் இரண்டும் செய்தால்

லாபம் வெளிப்படை. எங்கே என்ன இருக்கிறது என்று ரஷ் அவருக்கு மனப்பாடம். எடுக்கும்போதே கட்அவே நினைவில் இருக்கும். மொழியும் வழக்கும் தெரிந்த உள்ளூர் ஆளாக இருந்தால், பேட்டியில் ஒரு பெருமூச்சு எதற்காக வந்தது என்பதும் தெரியும்.

நட்டம் அவ்வளவு வெளிப்படையாகத் தெரியாது. நான்கு மணிக்கு எழுந்து, மூன்று மணி நேரம் வெயிலில் நின்று எடுத்த ஷாட் என்றால் அதை வெட்ட மனம் வராது. பார்வையாளருக்கு அந்த வெயில் தெரியாது. ஷாட் நீளமாக இருப்பது மட்டும்தான் தெரியும். தனித் தொகுப்பாளருக்கு அந்த வெயில் நினைவில் இல்லை என்பதே அவருடைய தகுதி. என் கருத்தில், இரண்டையும் ஒருவரே செய்யும் படங்களில் பெரும்பாலானவை பத்து நிமிடம் கூடுதலாக இருப்பது இதனால்தான். எடுத்து முடித்த பின் சில வாரம் ரஷ்ஷைத் தொடாமல் இருப்பதும், கரட்டுத் தொகுப்பை விஷயம் தெரியாத ஒருவரிடம் காட்டி அவர் எப்போது கைபேசியை எடுக்கிறார் என்று கவனிப்பதும் ஓரளவு மருந்து.

ஒட்டக் கூடாத இடங்கள்

அடுக்கும் உரிமைக்கு எல்லை உண்டு. ஜல்லிக்கட்டைப் பாருங்கள். அவனியாபுரத்தில் பொங்கலன்று, பாலமேட்டில் மாட்டுப் பொங்கலன்று, அலங்காநல்லூரில் அதற்கு அடுத்த நாள். பாலமேட்டு வாடிவாசலில் காளை வெளியே வந்ததையும், அலங்காநல்லூரில் வேறொரு மாடுபிடி வீரர் வேறொரு காளையின் திமிலைப் பிடித்ததையும் ஒட்டி ஒரே பிடியாகக் காட்டினால் வெளியூர்க்காரருக்குத் தெரியாது. மதுரைக்காரர் மேடையின் அமைப்பைப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவார். அதைவிடப் பெரிய தவறு பேட்டியில் நடப்பது: ஒரு கேள்விக்குச் சொன்ன பதிலை வேறொரு கேள்விக்குப் பின்னால் வைப்பது, இரண்டு வாக்கியங்களின் பாதிகளை ஒட்டி அவர் சொல்லாத மூன்றாவது வாக்கியத்தை உண்டாக்குவது. வெட்டை மறைக்கக் கட்அவே இருப்பதால் இது மிக எளிது. எளிது என்பதால்தான் ஒவ்வொரு ஷாட்டுக்கும் நாள், இடம், யார் என்று ஒளிப்பதிவாளர் எழுதித்தரும் குறிப்பு, தொகுப்பாளருக்கு வெறும் வசதி மட்டுமல்லாமல் கடிவாளமாகவும் ஆகிறது.

வேலை எங்கிருந்து வருகிறது?

1. தொண்டு நிறுவனங்களும் அரசுத் துறைகளும் கேட்கும் படங்கள். பணம் ஓரளவு நிச்சயம். கடைசி வெட்டு அவர்கள் கையில்.

2. வெளியூர், வெளிநாட்டுக் குழுக்கள் கீழடிக்கோ அரிட்டாபட்டிக்கோ வரும்போது உள்ளூரில் தேடும் இரண்டாவது கேமரா. நாள் சம்பளம்.

3. பொது நிதி. 1948-இல் தொடங்கிய பிலிம்ஸ் டிவிஷன் பல தலைமுறை ஆவணப்படக்காரர்களுக்குச் சோறு போட்டது. 2022-இல் அது தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டது.

4. சொந்தக் காசு.

நான்காவதற்குக் காசு எங்கிருந்து வரும் என்றால், கல்யாண வீடியோவிலிருந்து. முகூர்த்த மாதங்களில் சம்பாதித்து, முகூர்த்தம் இல்லாத ஆடியிலும் மார்கழியிலும் சொந்தப் படம் எடுப்பது இந்தப் பக்கத்தில் நடைமுறை. இதைத் தாழ்வாக நினைக்க ஒன்றுமில்லை. இரண்டாவது டேக் கிடைக்காத இடத்தில், நகர்ந்துகொண்டே இருக்கும் கூட்டத்தில், மோசமான விளக்கில் முகங்களைப் பிடிக்கும் பயிற்சியைத் தாலி கட்டும் நேரம் தருவதுபோல் எந்தக் கல்லூரியும் தருவதில்லை.

சம்பள முறையில் ஒரு பொறி இருக்கிறது. ஒளிப்பதிவுக்கு நாள் கணக்கு. தொகுப்புக்கு மொத்தத் தொகை. ரஷ் பெருகப் பெருக ஒளிப்பதிவு நாட்களும் கூடி, அவருக்குக் கூலியும் கூடும். தொகுப்பாளருக்கு அதே தொகைக்கு வேலை மட்டும் கூடும். இரண்டையும் ஒப்புக்கொள்பவர் ஒரு கையால் வாங்கி மறு கையால் இழக்கிறார். ரஷ் இத்தனை மணி நேரத்தைத் தாண்டினால் கூடுதல் தொகை, திருத்தம் இத்தனை சுற்றுதான் என்று முதலிலேயே எழுதிக்கொள்வதுதான் வழி.

வருமான வரியில் ஒரு சிறு செய்தி: திரைக் கலைஞர் என்ற தொழில் பட்டியலில் ஒளிப்பதிவாளரும் படத்தொகுப்பாளரும் 1977 அறிவிப்பிலிருந்தே இருக்கிறார்கள். கட்டணத்தில் 10 சதவீதம் பிடித்துக்கொண்டுதான் பொதுவாகக் கைக்கு வரும். கணக்குத் தாக்கல் செய்யாவிட்டால், பிடித்ததில் திரும்ப வர வேண்டியதும் வராது.

எடுத்தது யாருக்குச் சொந்தம்?

1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி ஒரு திரைப்படத்தின் ஆசிரியர் அதன் தயாரிப்பாளர். இயக்குநர்கூட இல்லை, ஒளிப்பதிவாளர், தொகுப்பாளர் பேச்சே கிடையாது. 2012 திருத்தம் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் தொடர் வருமானத்தில் பங்கை உறுதி செய்தது. அந்தத் திருத்தத்திலும் இவர்கள் இடம்பெறவில்லை. வேடிக்கை என்னவென்றால், அதே ஆள் அதே இடத்தில் நின்று ஒரு புகைப்படம் எடுத்தால் அதன் ஆசிரியர் அவர்தான். வீடியோ பொத்தானை அழுத்திய கணத்தில் ஆசிரியர் மாறிவிடுகிறார்.

இதன் விளைவு களத்தில் தெரிகிறது. ஒருவர் எடுத்த வைகை வெள்ளக் காட்சி பின்னாளில் பத்து நிகழ்ச்சிகளில் ஓடும். பத்து முறையும் அவருக்குப் பணம் வராது, பல முறை பெயரும் வராது. மறுபயன்பாட்டுக்குத் தனி ஒப்பந்தம் போட்டிருந்தால் மட்டுமே கேட்க முடியும். பலர் சொந்தமாகத் தயாரிப்பதற்குக் கலைத்தாகத்தோடு இந்தக் கணக்கும் காரணம்: செலவழித்தவர்தான் ஆசிரியர் என்று சட்டம் சொன்னால், செலவழித்துவிடலாமே.

பொதுத் திரையிடலுக்குத் தணிக்கைச் சான்றும் வேண்டும். ஆவணப்படத்துக்கும் அது பொருந்தும். இயக்குநர் கே.ஏ. அப்பாஸின் ஆவணப்படம் தொடர்பான வழக்கில் 1970-இல் உச்ச நீதிமன்றம் முன்தணிக்கை செல்லும் என்றே தீர்ப்பளித்தது. பூட்டிய படத்தைத் திறந்து வெட்ட வேண்டிவரலாம் என்பதால், தொகுப்பாளர் டைம்லைன் கோப்பை ஒலிக்கலவை முடிந்த பிறகும் கலைக்கக் கூடாது. டிரோன் ஷாட்டுக்கு 2021 விதிகள். விமான நிலையத்தை ஒட்டியது அவனியாபுரம் என்பதால், அங்கே பறக்கவிடும் முன், எங்கே பறக்கலாம் என்று காட்டும் அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தைப் பார்த்தாக வேண்டும்.

படம் முடிந்த பிறகு

ஒரு மணி நேரப் படம் வெளியே போகும். மிச்சம் 59 மணி நேரம் அலமாரியில் இருக்கும். அதில் படத்தில் இடம் பெறாத பெரியவரின் முழுப் பேட்டி இருக்கும், இன்று வேலி போட்டுவிட்ட ஒரு கண்மாய்க்கரை இருக்கும். ஏ.கே. செட்டியாரின் காந்திப் படமே பல பத்தாண்டுகள் எங்கே இருக்கிறது என்று தெரியாமல் கிடந்தது. வட்டுகளின் ஆயுள் சுருளைவிடக் குறைவு. ஆண்டுக்கு ஒருமுறை ஒவ்வொரு வட்டையும் கணினியில் இணைத்து ஓட்டிப் பார்ப்பது, ஐந்தாறு ஆண்டில் புது வட்டுக்கு மாற்றுவது, உறையின் மேல் நாள், இடம், யார் பேசியது என்று அழியாத மையில் எழுதுவது எல்லாம் பெரும்பாலும் தொகுப்பாளரின் தலையிலேயே விழுகின்றன. எந்த ஒப்பந்தத்திலும் இதற்குத் தொகை எழுதப்படுவதில்லை.